மரம் நடுவது எப்போது தப்பு?

தலைப்பைப் பார்த்ததும் அடிக்க வராதீங்க நண்பர்களே! நானும் உங்களை மாதிரி 'மரம் வளர்ப்போம், மழை பெறுவோம்' என்று பள்ளிக்கூடச் சுவரில் படித்து வளர்ந்தவன்தான். ஆறாம் வகுப்பில் இதைப் பற்றிப் பேசி இரண்டாம் பரிசாக ஒரு டிபன் பாக்ஸ்கூட வாங்கியிருக்கிறேன். அந்த டிபன் பாக்ஸ் மேல் ஆணையாகச் சொல்கிறேன், நான் மரங்களுக்கு எதிரி இல்லை.

விஷயத்துக்கு வருகிறேன். கல்லூரியில் இரண்டாம் ஆண்டு படிக்கும்போது என்.எஸ்.எஸ். முகாமுக்காக எங்களை ஊட்டிப் பக்கம் கூட்டிப் போனார்கள். ஆளுக்குப் பத்து மரக்கன்று. மண்வெட்டி, கடப்பாரை, பேனர், போட்டோ எல்லாம் உண்டு. இடம் ஒரு பெரிய புல்மேடு. கண்ணுக்கெட்டிய தூரம் வரை மரமே இல்லை. "பாருங்கப்பா, எப்படி மொட்டையா கிடக்குது மலை" என்று ஒருவர் சொன்னார். எங்களுக்கும் அப்படித்தான் தெரிந்தது. உடனே வேலையை ஆரம்பித்துவிட்டோம்.

அந்த மேட்டில் ஒரு தோடர் பெரியவர் எருமை மேய்த்துக் கொண்டிருந்தார். கொஞ்ச நேரம் பேசாமல் பார்த்தவர், என் பக்கத்தில் வந்து கேட்டார்.

"எதுக்கு தம்பி புல்லைத் தோண்டுறீங்க?"

"மரம் நடறோமுங்க அய்யா. காடு வளரட்டும்னுதான்."

"காடுதான் அங்க இருக்குதே" என்று கீழே இரண்டு மேட்டுக்கு நடுவில் கரும்பச்சையாக அடைந்து கிடந்த சோலையைக் காட்டினார். "அது இருக்க வேண்டிய இடத்துல அது இருக்குது. இது இருக்க வேண்டிய இடத்துல இது இருக்குது. பனி விழுந்தா உங்க செடி கருகிப் போயிரும் தம்பி."

நான் சிரித்து வைத்தேன். 'பாவம், பழைய காலத்து ஆள்' என்றுகூட நினைத்தேன். ஒப்புக்கொள்கிறேன்.

அடுத்த பிப்ரவரியில் நண்பர்களோடு அந்தப் பக்கம் போனபோது ஆசையாக அந்த மேட்டுக்குப் போய்ப் பார்த்தேன். நான் நட்ட பத்தில் ஒன்றுகூட இல்லை. குச்சி மட்டும் நின்றது. சுற்றிலும் புல் தன் பாட்டுக்கு ஆடிக் கொண்டிருந்தது. நாங்கள் நட்டது யூகலிப்டஸ் இல்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். சோலைக்காட்டில் வளரும் நாட்டு மரக்கன்றுகள்தான். அப்படியும் தப்பு!

ஏன் என்று தெரிந்துகொள்ளத் தேடிப் படிக்க ஆரம்பித்தேன். அதில் எனக்குக் கிடைத்த ஒரே பாடத்தைத்தான் இங்கே சொல்ல வருகிறேன். காட்டைப் பராமரிப்பது என்றால் மரம் நடுவது இல்லை. எதை எங்கே நடக்கூடாது, எதை எப்போது வெட்ட வேண்டும் என்று தெரிந்து வைத்திருப்பதுதான் அதில் பெரிய பாதி.

புல்லும் காடுதான்

மேற்குத் தொடர்ச்சி மலையின் உச்சிப் பகுதிகளில், அதாவது நீலகிரி, ஆனைமலை, பழனி மலை, மூணாறு போன்ற இடங்களில், இயற்கை ஒரு வினோதமான ஏற்பாடு செய்து வைத்திருக்கிறது. மேடும் சரிவும் முழுக்கப் புல்வெளி. பள்ளங்களிலும் ஓடையோரங்களிலும் மட்டும் குட்டையான, அடர்ந்த சோலைக்காடு. யாரோ மரத்தை வெட்டியதால் வந்த மொட்டை இல்லை இது. மனிதன் மரம் வெட்டக் கிளம்புவதற்குப் பல்லாயிரம் ஆண்டுகள் முன்பிருந்தே அங்கே புல் இருக்கிறது.

இதற்கு ஒரு முக்கியக் காரணம் உறைபனி. டிசம்பர், ஜனவரி இரவுகளில் திறந்த மேட்டில் பனி உறையும்போது சோலை மரத்தின் இளங்கன்று தாங்காது. சோலைக்குள்ளே பெரிய மரங்களின் கூரை இருப்பதால் அங்கே பிழைத்துக் கொள்ளும். பெரியவர் சொன்னது இதைத்தான். நான் நாலு நாள் படித்துத் தெரிந்துகொண்டதை அவர் எருமை மேய்த்துக் கொண்டே சொல்லிவிட்டார்.

அந்தப் புல்வெளியை நம்பி என்னென்ன இருக்கிறது பாருங்கள். நம் மாநில விலங்கு வரையாடு மேய்வது அங்கேதான். 12 வருடத்துக்கு ஒருமுறை பூக்கும் குறிஞ்சி வளர்வதும் அங்கேதான். 2006இல் பூத்தது, 2018இல் பூத்தது, அடுத்தது 2030. நிழல் விழுந்தால் அதன் கதை முடிந்தது. தோடர்கள் தங்கள் கோயிலுக்குக் கூரை வேய்கிற புல்லும் அந்த மலையில் விளைவதுதான். 'குறிஞ்சி என்றால் மலையும் மலை சார்ந்த இடமும்' என்று மனப்பாடம் செய்து மார்க் வாங்கினோமே, அந்த மலையின் பூ எங்கே வளர்கிறது என்று யாராவது நமக்குச் சொன்னார்களா?

யார் நட்டார்கள்?

உறைபனியில் சோலை மரம் வளராது. ஆனால் ஆஸ்திரேலியாவிலிருந்து வந்த மரம் வளரும். சிக்கலே அங்கேதான் ஆரம்பித்தது.

ஊட்டியில் வெள்ளைக்காரர்கள் குடியேறியதும் குளிருக்கு விறகு தேவைப்பட்டது. சோலைகளை வெட்டினார்கள். விறகு குறைந்ததும் 1840களில் யூகலிப்டஸையும் வாட்டிலையும் கொண்டு வந்தார்கள். மலைக்காரர்கள் கற்பூர மரம், சீகை மரம் என்று சொல்வது இவற்றைத்தான். அன்றைக்கு அது சோலையைக் காப்பாற்ற எடுத்த நடவடிக்கை என்றுகூடச் சொல்லலாம். சுதந்திரத்துக்குப் பிறகு இதே வேலை பெரிய அளவில் நடந்தது. தோல் பதனிட வாட்டில் பட்டை வேண்டும், செயற்கைப் பட்டு நூலுக்கும் காகிதத்துக்கும் மரக்கூழ் வேண்டும். 'சும்மா கிடக்கிற' புல்வெளியில் நட்டுத் தள்ளினார்கள்.

கொடைக்கானல் பைன் காட்டில் எத்தனை டூயட் பார்த்திருப்போம்! அதுவும் நட்டு வைத்த தோட்டம்தான். அடுத்த முறை போனால் செல்ஃபி எடுத்த பிறகு ஒரு நிமிடம் தரையைப் பாருங்கள். ஊசி இலை மெத்தையைத் தவிர அதிகம் ஒன்றும் இருக்காது.

பழனி மலைகளைப் பற்றி 2018இல் ஓர் ஆய்வு வெளிவந்தது. செயற்கைக்கோள் படங்களை வைத்து 1973 முதல் 2014 வரை ஒப்பிட்டுப் பார்த்திருக்கிறார்கள். அந்த நாற்பது ஆண்டுகளில் அங்கிருந்த மலைப் புல்வெளியில் மூன்றில் இரண்டு பங்கு போய்விட்டது. பெரும்பாலும் மரத்தோட்டங்களாலும், பிறகு விவசாயத்தாலும். கவனியுங்கள், காடு அழிந்த கதை இல்லை இது. 'மரம் வளர்த்த' கதை!

எங்க ஊர் வாய்க்காலுக்கும் இதற்கும் என்ன சம்பந்தம்?

நான் ஈரோடு மாவட்டத்தில் கீழ்பவானி பாசனத்தில் இருக்கிற ஊர்க்காரன். ஆகஸ்ட் மாதம் வந்துவிட்டால் எங்கள் வீட்டில் பேச்சே ஒன்றுதான். "டேம்ல எத்தனை அடி?" எங்க அப்பாரு பேரன் பேத்தி பரீட்சை ரிசல்ட்டைக்கூட மறந்துவிடுவார், பவானிசாகர் நீர்மட்டத்தை மறக்க மாட்டார். 2,07,000 ஏக்கர் நிலம் அந்த ஒரு வாய்க்காலை நம்பி இருக்கிறது.

அந்த அணைக்குத் தண்ணீர் எங்கிருந்து வருகிறது? பவானியும் மோயாறும் கொண்டு வருகின்றன. மோயாறு என்பது மேலே பைக்காராவாகப் பிறப்பது. எல்லாம் நீலகிரி உச்சிப் புல்வெளிகளிலும் சோலைகளிலும் கசிந்து இறங்கும் நீர். மழை பெய்யும்போது குடித்து வைத்துக்கொண்டு, மழை நின்ற பிறகு கொஞ்சம் கொஞ்சமாக விடுகிற பஞ்சு அந்த மலை.

இங்கேதான் எனக்குத் தூக்கிவாரிப் போட்ட ஒரு தகவல். நீலகிரியில் கிளென்மார்கன் என்ற இடத்தில், ஊட்டியில் இருக்கும் மத்திய அரசின் மண்வள ஆராய்ச்சி நிலையத்தார் நீண்ட காலம் ஒரு சோதனை செய்தார்கள். பக்கத்துப் பக்கத்தில் இரண்டு சிறு நீர்ப்பிடிப்புப் பகுதிகளை எடுத்துக்கொண்டு, ஒன்றைப் புல்லாகவே விட்டார்கள். இன்னொன்றில் பாதிக்குச் சற்று அதிகமான இடத்தில் யூகலிப்டஸ் நட்டார்கள். முதல் பத்து ஆண்டுச் சுற்றில் (1972 - 1981) யூகலிப்டஸ் இருந்த பகுதியிலிருந்து வெளியேறும் தண்ணீர் சுமார் 16 சதவீதம் குறைந்தது. வெட்டிய பிறகு அடிக்கட்டையிலிருந்து மறுதாம்பு விட்டு வளர்ந்த இரண்டாம் சுற்றில் சுமார் 25 சதவீதம் குறைந்தது. வேர் ஏற்கெனவே ஆழத்தில் இருக்கிறதே, இரண்டாம் தடவை இன்னும் வேகமாகக் குடிக்கிறது.

மழை பெய்வதைக் குறை சொல்லிக்கொண்டே இருக்கிறோம். பெய்த மழையில் மேலேயே எவ்வளவு காணாமல் போகிறது என்று கேட்டோமா? நான் அன்றைக்குக் கடப்பாரை போட்ட மேடு எங்க அப்பாருவின் வாய்க்காலின் தலைமாடு. அது தெரியாமல்தான் பல்லைக் காட்டி போட்டோவுக்கு நின்றேன்.

எண்ணுவதில் இருக்கிறது கோளாறு

இவ்வளவு தெரிந்த பிறகும் ஏன் நட்டுக்கொண்டே இருக்கிறோம்? நம் கணக்கு அப்படி.

இந்திய வன ஆய்வு நிறுவனம் இரண்டு வருடத்துக்கு ஒருமுறை அறிக்கை வெளியிடுகிறது. அதன்படி 1 ஹெக்டேருக்குக் குறையாத நிலத்தில் 10 சதவீதத்துக்கு மேல் மரக்கூரை இருந்தால் அது 'வனப்பரப்பு'. என்ன மரம், யாருடைய நிலம் என்ற கேள்வியே கிடையாது. தென்னந்தோப்பும் யூகலிப்டஸ் தோட்டமும் முதுமலையும் ஒரே வரிசையில் நிற்கும். வரையாடு மேயும் புல்வெளி அந்தக் கணக்கில் வராது. 2023ஆம் ஆண்டுக்கான அறிக்கை நாட்டின் வனப்பரப்பு 21.76 சதவீதம் என்கிறது. 1988ஆம் ஆண்டு தேசிய வனக் கொள்கையின் இலக்கு மூன்றில் ஒரு பங்கு. மலைப்பகுதி என்றால் மூன்றில் இரண்டு பங்கு! இலக்கை எட்ட வேண்டிய அதிகாரிக்குப் புல்வெளி எப்படித் தெரியும்? காலி மனையாகத்தான் தெரியும்.

எங்கள் கொங்கு நாட்டில் 'காட்டுக்குப் போறேன்' என்றால் மானாவாரி நிலத்துக்குப் போகிறேன் என்று அர்த்தம். வெளியூர் நண்பர்கள் கேட்டுச் சிரிப்பார்கள். ஆனால் எங்க ஊரில் யாரும் தென்னந்தோப்பைக் காடு என்று சொல்ல மாட்டார்கள். தோப்பு வேறு, காடு வேறு என்பது அவர்களுக்குத் தெரியும். அறிக்கைக்குத்தான் தெரியவில்லை.

இந்தக் கோளாறு நம் ஊரில் பிறந்ததும் இல்லை. காட்டிலிருந்து எவ்வளவு வளர்கிறதோ அவ்வளவுதான் வெட்ட வேண்டும் என்ற கருத்தை 1713இல் ஜெர்மனியின் சாக்சனியில் கார்லோவிட்ஸ் என்பவர் புத்தகமாக எழுதினார். அவர் சுரங்க நிர்வாகி. வெள்ளி உருக்க விறகு தீர்ந்துவிடுமே என்ற கவலை அவருக்கு. நல்ல கருத்துதான். ஆனால் அவருக்குப் பின் வந்தவர்கள் 'குறையாத காடு' என்பதைக் 'குறையாத கட்டை' என்று சுருக்கிவிட்டார்கள். வேகமாக வளரும் ஒரே வகை மரம், வரிசை வரிசையாக. அந்தப் பள்ளியில் வந்த டீட்ரிச் பிராண்டிஸ்தான் 1864இல் இந்தியாவின் முதல் வனத்துறைத் தலைவர். அதே ஜெர்மனியில் 2018க்குப் பிறகு வந்த வறட்சியிலும் பட்டை வண்டுத் தாக்குதலிலும் ஹார்ஸ் மலையின் ஸ்புரூஸ் தோட்டங்கள் கூட்டம் கூட்டமாகச் செத்தன. ஒரே பயிரை நம்பினால் என்ன ஆகும் என்று ஒரு மஞ்சள் விவசாயியைக் கேட்டால் சொல்லியிருப்பார்.

அப்ப எல்லாத்தையும் வெட்டிடலாமா?

இதைத்தான் கேட்பீர்கள் என்று தெரியும். என் ரூம் மேட்டும் இதையேதான் கேட்டான். நியாயமான கேள்வி.

முதலில், மரத்தோட்டமே கூடாது என்று நான் சொல்லவில்லை. நோட்டுப் புத்தகம் வேண்டும், கட்டில் வேண்டும், வீட்டுக்கு நிலைக்கதவு வேண்டும். தோட்டத்தில் வளர்க்காவிட்டால் இயற்கைக் காட்டில்தான் கை வைப்பார்கள். அதனால் சவுக்கும் தைல மரமும் தாராளமாக வளரட்டும், சமவெளியில் விவசாயியின் நிலத்தில். அவருக்கும் வருமானம். அது ஒரு பயிர், அறுவடை உண்டு. அதைப் பயிர் என்றே சொல்லுவோம். காடு என்று சொல்ல வேண்டாம், அவ்வளவுதான்.

இரண்டாவது, மேலே ஏற்கெனவே நிற்கிற அந்நிய மரங்கள். இங்கே அவசரப்பட்டால் கெட்டது. வாட்டில் விதை மண்ணுக்குள் பல பத்தாண்டுகள் உயிரோடு கிடக்கும். ஒரேயடியாக மொட்டையடித்து வெயில் படவிட்டால், ஒரு மரம் நின்ற இடத்தில் நூறு முளைக்கும். கான்ட்ராக்ட் விட்டு வெட்டி லாரியில் ஏற்றிவிட்டால் வேலை முடிந்தது என்று நினைத்தால் ஏமாற்றம்தான். வருடா வருடம் போய் நாற்றைப் பிடுங்க வேண்டும், நாட்டுப் புல்லை நாற்றங்காலில் வளர்த்து நட வேண்டும். இன்னொரு பக்கம், சில பழைய தோட்டங்களின் நிழலில் சோலை மரக்கன்றுகள் தானாகவே வளர்ந்து வருகின்றன. பனியிலிருந்து காப்பாற்ற அங்கே கூரை கிடைத்துவிட்டது! அப்படிப்பட்ட இடத்தில் கோடாரியைக் கீழே வைப்பதுதான் பராமரிப்பு. புல்வெளிக்குள் இப்போதுதான் நுழைகிற இளம் வாட்டிலை முதலில் பிடுங்குவது பராமரிப்பு. இடத்துக்கு இடம் மருந்து வேறு.

வெட்டுவதையும் பொறுப்பாகச் செய்ய முடியும் என்பதற்கு நம் பக்கத்திலேயே ஓர் உதாரணம் உண்டு. டாப்சிலிப் போனவர்கள் ஹியூகோ வுட் கல்லறையைப் பார்த்திருப்பீர்கள். அதற்கு முன்பு நூறு வருடமாக ஆனைமலைத் தேக்கைக் கப்பல் கட்ட வெட்டிக் கொண்டே இருந்தார்கள். 1910களின் நடுவில் அங்கே வந்த வனத்துறை அதிகாரியான அவர், அடிக்கட்டையை விட்டு வெட்டி மறுதாம்பு வளரவிடும் முறையைக் கொண்டு வந்து தேக்கை மீட்டார். தேக்கு அந்த மலையின் சொந்த மரம் என்பது முக்கியம். அவர் செய்தது எல்லாமே சரி என்று சொல்லவில்லை. ஆனால் மேசையில் உட்கார்ந்து கணக்குப் போடாமல் நடந்து பார்த்தவர்.

சட்டத்தையும் சொல்ல வேண்டும். கூடலூர்ப் பகுதியில் காடு அழிவதைக் கண்டு நிலம்பூரைச் சேர்ந்த கோதவர்மன் திருமுல்பாடு 1995இல் உச்ச நீதிமன்றம் போனார். 1996 டிசம்பர் 12இல் வந்த உத்தரவு, அனுமதி பெற்ற செயல்திட்டம் இல்லாமல் காட்டில் மரம் வெட்டுவதை நாடு முழுக்க நிறுத்தியது. அது வராவிட்டால் இன்று பேசுவதற்குக் காடே மிஞ்சியிருக்காது. ஆனால் 'வெட்டினாலே குற்றம்' என்ற மனநிலை எங்களைப் போன்ற படித்த பிள்ளைகளிடம் ஊறிவிட்டது. வாட்டிலை வெட்டுகிற படத்தைப் பார்த்தாலே 'ஐயோ மரம்' என்று கொதிக்கிறோம். 2022இல் தமிழ்நாடு அரசு அந்நிய ஆக்கிரமிப்புத் தாவரங்களை அகற்றுவதற்கென்றே ஒரு கொள்கை வெளியிட்டது நல்ல ஆரம்பம். அதே 2022இல் மாநிலத்தின் பசுமைப் பரப்பை 33 சதவீதமாக்கும் இயக்கமும் தொடங்கியது. இரண்டும் ஒரே மலையில் சந்திக்கும்போது புல்வெளிக்கு யார் பேசுவார்கள் என்பதுதான் என் பயம்.

என் பங்குக்கு மூன்று கோரிக்கை

ஒன்று: எத்தனை கன்று நட்டோம் என்று கணக்குச் சொல்வதை நிறுத்துவோம். மூன்று வருடம் கழித்து எத்தனை உயிரோடு இருக்கிறது, அந்த ஓடையில் ஏப்ரல் மாதம் தண்ணீர் ஓடுகிறதா என்று கேட்போம்.

இரண்டு: வன அறிக்கையில் புல்வெளிக்குத் தனிக் கட்டம் வேண்டும். எண்ணாத பொருள் காணாமல் போனால் யாருக்கும் தெரியாது.

மூன்று: 2006ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டம், காட்டைப் பாதுகாக்கவும் நிர்வகிக்கவும் அங்கே வாழும் மக்களின் சமூகத்துக்கு உரிமை கொடுத்திருக்கிறது. அதைக் காகிதத்தில் வைக்காமல், குழி தோண்டுவதற்கு முன்னால் அவர்களைக் கேட்கட்டும். எங்களை அந்த மேட்டுக்குக் கூட்டிப் போனவர்கள் அந்தப் பெரியவரிடம் ஐந்து நிமிடம் பேசியிருந்தால் ஒரு லாரி மரக்கன்று மிஞ்சியிருக்கும். அவற்றைச் சோலையின் ஓரத்திலோ, எங்க ஊர் குளத்துக் கரையிலோ நட்டிருக்கலாம்.

முகாம் சான்றிதழ் இன்னமும் என் ஃபைலில் இருக்கிறது. 'மலைக்குப் பசுமை சேர்த்தமைக்காக' என்று அச்சடித்திருக்கிறார்கள். கிழித்துப் போடலாம் என்று ஒருநாள் எடுத்தேன், மனசு வரவில்லை. வேலைக்குப் போகும்போது காட்ட வேண்டுமே! ஆனால் யாராவது நேர்முகத் தேர்வில் அதைப் பற்றிக் கேட்டால் உண்மையைத்தான் சொல்லப் போகிறேன். ஏற்கெனவே பசுமையாக இருந்த இடத்தில் பத்துக் குழி தோண்டினேன் ஐயா, மன்னித்துக் கொள்ளுங்கள் என்று.

நீங்கள் என்ன நினைக்கிறீர்கள்? திட்டுவதாக இருந்தாலும் சொல்லுங்கள், கேட்டுக் கொள்கிறேன்.

பி.கு: அடுத்த மாதம் ஜூனியர் பசங்களுக்கு மறுபடியும் மரம் நடும் முகாம் என்று கேள்விப்பட்டேன். இடம் எது என்று விசாரித்துக் கொண்டிருக்கிறேன். புல்மேடு என்றால் கடப்பாரைக்கு முன்னால் நானே போய் நிற்பதாக இருக்கிறேன். துணைக்கு வருகிறவர்கள் கையைத் தூக்குங்கள்!